அமானிதமாய் வந்த ஏடுகள்

பிறருக்கு வந்த கடிதத்தைப் பிரித்துப் படிப்பது தகாது என்று நம் வீடுகளில் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறோம். மூடிய கதவின் முன் நின்று ஒட்டுக் கேட்கலாகாது. பிறர் மறைத்து வைத்ததைத் துருவி ஆராயலாகாது. இவை நம் மூத்தோர் நமக்கு விட்டுச் சென்ற நல்லொழுக்கங்கள். ஆயினும், உலகம் முழுதும் பள்ளிப் பிள்ளைகளின் கையிலே கொடுத்துப் படிக்கச் சொல்லும் நூல்களுள் ஒன்று, பதின்மூன்று வயதுச் சிறுமி ஒருத்தி தொடங்கிய நாட்குறிப்பேடு. உயிரோடு இருந்திருந்தால் அதன் சில பக்கங்களைத் தன்னைப் பெற்ற தாய்க்குக்கூட அவள் காட்டியிருக்க மாட்டாள். அதனை நாம் படிக்கலாமா? படிக்கலாம் என்றால், படித்தபின் நம்மேல் வந்து சேரும் கடமை யாது? இவ்விரண்டு வினாக்களையும் ஈண்டுச் சிறிது எண்ணிப் பார்ப்போம்.

1933இல் ஜெர்மனியின் ஆட்சி ஹிட்லரின் கைக்கு வந்தது. 1945இல் அவ்வாட்சி வீழ்வதற்குள் ஐரோப்பாவில் ஏறத்தாழ 60 இலட்சம் யூதர்கள் கொல்லப்பட்டனர். குழிகளின் ஓரத்தில் நிறுத்திச் சுட்டனர். ‘கெட்டோ’ எனப்பட்ட அடைப்புகளுக்குள் தள்ளிப் பட்டினி போட்டனர். நச்சுப்புகை அறைகளில் அடைத்துக் கொன்றனர். மாண்டவர்களுள் ஏறத்தாழ 15 இலட்சம் பேர் குழந்தைகள். ஹோலோகாஸ்ட் என்று உலகம் அழைக்கும் அந்தப் பேரழிப்பின் நடுவே, அக்குழந்தைகளுள் சிலர் நாள்தோறும் எழுதி வந்தார்கள். பள்ளி நோட்டிலும், பழைய காகிதத்திலும், அச்சிட்ட நூலின் ஓரத்து வெற்றிடத்திலும் எழுதினார்கள். எழுதிய கை மண்ணோடும் சாம்பலோடும் கலந்துபோயிற்று. எழுத்து மட்டும் நம்மை வந்து சேர்ந்தது.

அவற்றுள் யாவரும் அறிந்தது ஆன் பிராங்கின் ஏடு. 1929இல் ஜெர்மனியின் பிராங்க்பர்ட் நகரில் பிறந்த அவளுக்கு, குடும்பம் அடைக்கலம் புகுந்த ஆம்ஸ்டர்டாம் நகரில், 1942 ஜூன் 12ஆம் நாள், தன் பதின்மூன்றாவது பிறந்த நாளன்று அந்த ஏடு பரிசாகக் கிடைத்தது. அடுத்த மாதமே குடும்பம் தலைமறைவாயிற்று. தந்தையின் வணிக நிலையத்தின் பின்கட்டில் எட்டுப் பேர் ஈராண்டுக்கும் மேலாக ஒளிந்து வாழ்ந்தனர். 1944 ஆகஸ்ட் 4ஆம் நாள் அவர்கள் பிடிபட்டனர். தரையில் சிதறிக் கிடந்த தாள்களை, அவர்களுக்கு உணவு கொடுத்துக் காத்து வந்த பெண்கள் இருவர் திரட்டி எடுத்தனர். அவர்களுள் ஒருவரான மீப் கீஸ், அவற்றைப் படிக்காமலே தம் மேசை இழுப்பறையில் வைத்தார். ஆன், 1945இன் தொடக்கத்தில் பெர்கன்-பெல்சன் முகாமில் டைபஸ் காய்ச்சலால் மாண்டாள். எண்மரில் உயிரோடு திரும்பியவர் அவளுடைய தந்தை ஓட்டோ பிராங்க் ஒருவரே. மகள் திரும்ப மாட்டாள் என்று உறுதியான பிறகு, மீப் அந்தத் தாள்களைத் தந்தையின் கையில் ஒப்படைத்தார்.

படிக்காமலே வைத்திருந்தார் என்னும் இச்செய்தியை நாம் எளிதாகக் கடந்து செல்லலாகாது. ஏட்டுக்கு உரியவள் திரும்பி வருவாள், அவளிடமே கொடுத்துவிட வேண்டும் என்பதே அந்த அம்மையாரின் எண்ணமாக இருந்தது. நம் வழக்கில் இதற்கு ஓர் அருமையான சொல் உண்டு: அமானிதம். பாதுகாக்கத் தரப்பட்ட பொருளைக் கூட்டாமலும் குறைக்காமலும், தனக்கென ஆக்கிக் கொள்ளாமலும், உரியவரிடம் சேர்ப்பது அமானிதத்தின் இலக்கணம். உரியவர் இறந்துபோனால் அது வாரிசுகளைச் சேரும். வாரிசுகளும் அழிந்துபோனால்? ஒரு குலத்தையே வேரோடு பிடுங்கியவர்கள் எழுப்பிய கேள்வி இது. அந்நிலையில் அமானிதம் மனித குலம் முழுவதற்கும் உரியதாகிறது என்பதே நாம் காணும் விடை. நாம் அவ்வேடுகளைப் படிப்பது வேடிக்கை பார்ப்பதற்கன்று. வாங்கிக்கொள்ள வேறு எவரும் எஞ்சாத ஒரு பொருளை வாங்கிக்கொள்வதற்கே.

ஆயினும் இவ்விடையை அளவு கடந்து நீட்டிவிடக் கூடாது. ஆன் பிராங்க் தன் எழுத்தை உலகம் படிக்க வேண்டுமென்று விரும்பினாள் என்பதில் ஐயமில்லை. 1944 மார்ச் 28ஆம் நாள், லண்டனில் தங்கியிருந்த டச்சு அரசின் அமைச்சர் ஒருவர், போர்க்காலக் கடிதங்களையும் நாட்குறிப்புகளையும் பத்திரப்படுத்தி வைக்குமாறு வானொலியில் மக்களைக் கேட்டுக்கொண்டார். அதைக் கேட்ட அவள், நூலாக வெளியிடும் எண்ணத்துடன் தன் குறிப்புகளைத் திருத்தித் திரும்ப எழுதத் தொடங்கினாள். எதைச் சேர்ப்பது, எதை விடுவது என்று அவளே முடிவு செய்தாள். ஆனால் 1942 செப்டம்பரில் எழுதிய இரண்டு பக்கங்களின் மேல் பழுப்புக் காகிதம் ஒட்டி அவற்றை அவள் மூடியிருந்தாள். 2018இல் ஆய்வாளர்கள், புதிய ஒளிப்படக் கருவிகளின் துணையால், ஒட்டிய காகிதத்தை அகற்றாமலே அடியில் இருந்த எழுத்தைப் படித்து உலகறியச் செய்தனர். அங்கே இருந்தது பெரிய மறைபொருள் எதுவுமன்று. வளரிளம் பருவத்துப் பெண்ணொருத்தி எழுதிப் பார்த்து, பின்னர் நாணி மூடிய சில வரிகள்.

அறிவுத் துறையினர் தம் செயலுக்குக் காரணம் கூறுவர். அவள் எழுத்தாளராக எப்படி வளர்ந்தாள் என்பதை அப்பக்கங்கள் காட்டுகின்றன என்பர். அதில் உண்மை இல்லாமல் இல்லை. ஆயினும் நம் மனம் அதனை ஏற்க மறுக்கிறது. அவளுடைய வீட்டையும் பள்ளியையும் தலைமயிரையும் உயிரையும் பறித்தவர்கள், இறுதிவரை பறிக்க முடியாமற்போனது ஒன்று உண்டென்றால், இதைச் சொல்வேன், இதைச் சொல்ல மாட்டேன் என்று தீர்மானிக்கும் உரிமையே அது. அவள் தன் கையால் ஒட்டிய காகிதம் அவ்வுரிமையின் முத்திரை. சான்றுக்குத் தேவையானதைத் திறக்கலாம். ஆவலுக்குத் தீனி போட மட்டும் திறப்பது அமானிதத்தில் கை வைப்பதாகும்.

இதற்கு நேர்மாறான ஏடு ஒன்றும் உண்டு. போலந்து நாட்டின் லோட்ஸ் நகரக் கெட்டோவில், 1944 மே மாதம் முதல் ஆகஸ்ட் வரை, பெயர் தெரியாத இளைஞன் ஒருவன், பிரெஞ்சு நாவல் ஒன்றின் பக்க ஓரங்களில் தன் நாட்குறிப்பை எழுதினான். போலிஷ், இத்திஷ், ஹீப்ரு, ஆங்கிலம் என நான்கு மொழிகளில் மாறி மாறி எழுதியிருக்கிறான். அவன் மறைக்காமல் எழுதி வைத்த செய்தி இது: அளந்து தரப்பட்ட தன் பங்கு ரொட்டியைச் சில நாட்களிலேயே உண்டு தீர்த்துவிட்டு, பசி பொறுக்க மாட்டாமல், தன் தங்கையின் பங்கையும் அவன் எடுத்துத் தின்றுவிட்டான். அதற்காகத் தன்னைத் தானே கடுஞ்சொற்களால் குற்றம் சாட்டிக்கொள்கிறான். தங்கையிடம் ஏதோ ஒரு திருடன்மேல் பழி போட்டுச் சொன்ன பொய்யையும் மறைக்காமல் எழுதுகிறான்.

அன்பர்களே, இவ்விடத்தில் நாம் சற்று நின்று சிந்திக்க வேண்டும். அந்த நகரில் 1,60,000 பேருக்கு மேற்பட்டவர்களை வேலிக்குள் அடைத்துப் பசியால் மாய்த்தவர்கள் இருந்தார்கள். 1942 செப்டம்பரில் பத்து வயதுக்குட்பட்ட குழந்தைகளையும் அறுபத்தைந்து வயதுக்கு மேற்பட்ட முதியோரையும் பிடித்துக் கொலைக்களத்துக்கு அனுப்பியவர்கள் இருந்தார்கள். அவர்களுள் எத்தனை பேர் அன்றிரவு தம் செயலை எண்ணி உறக்கம் இழந்தனர்? பெரும்பாலோர், ஆணைப்படி நடந்தோம் என்று பின்னாளில் நீதிமன்றங்களில் கூறினர். ஒரு துண்டு ரொட்டிக்காக ஓர் இளைஞன் தன் நெஞ்சையே நீதிமன்றமாக்கித் தன்னைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துகிறான். நரகத்தின் நடுவிலே இருந்துகொண்டு, தான் மனிதன் என்பதை அவன் நிலைநாட்டும் வழி அது.

நம் பெரியோர் ‘முஹாஸபா’ என்று சொல்வர். இரவில் படுக்கைக்குப் போகுமுன் அன்றைய செயல்களைத் தானே கணக்குப் பார்ப்பது அது. மறுமையில் ஒவ்வொருவர் கையிலும் அவரவர் செயலேடு தரப்படும் என்று நம்புகிற சமுதாயம் நம்முடையது. அந்த இளைஞன் வேறு சமயத்தவன். நம் சொற்களை அறியாதவன். எனினும் நாவலின் ஓரத்தில் அவன் எழுதியது செயலேடே. இங்கே நாம் ஒரு வேறுபாட்டைத் தெளிவாகக் காண வேண்டும். அவன் தன்மேல் சுமத்திய குற்றத்தை நாம் அவன்மேல் சுமத்த உரிமையற்றவர்கள். பசி இன்னதென்று வயிறார உண்டவன் தீர்ப்பு எழுதலாகாது. அவன் எழுத்தைப் படிக்கும் உரிமை நமக்கு வந்தது. தீர்ப்புச் சொல்லும் உரிமை வரவில்லை.

அதே கெட்டோவில் டேவிட் சியராகொவியாக் என்னும் மாணவன் எழுதிய ஐந்து நோட்டுகள் எஞ்சியுள்ளன. 1924இல் பிறந்த அவன், படிப்பிலும் நூல்களிலும் தீராத வேட்கை கொண்டவன். 1942 செப்டம்பரில் தாயைப் பிடித்துச் சென்றதையும், ரொட்டியின் பங்கீட்டில் தந்தைக்கும் பிள்ளைகளுக்கும் இடையே மூண்ட கசப்பையும் அவன் எழுதுகிறான். அவனுடைய எழுத்து 1943 ஏப்ரலில் நின்றுவிடுகிறது. அவ்வாண்டு ஆகஸ்டில், 19 வயதில், நோயும் பசியும் அவனைக் கொண்டுபோயின. போர் முடிந்தபின் அந்த வீட்டில் நோட்டுகள் கண்டெடுக்கப்பட்டபோது, அவற்றுள் சில ஏற்கெனவே அடுப்பெரிக்கப் பயன்பட்டுவிட்டிருந்தன. எரிந்த பக்கங்களில் என்ன இருந்தது என்பதை இனி எவரும் சொல்ல இயலாது.

பின்னாளில் எழுதப்படும் நினைவுக்கும், அன்றன்று எழுதப்படும் குறிப்புக்கும் உள்ள வேறுபாடு இங்கேதான் விளங்குகிறது. உயிர் பிழைத்தவர் பல ஆண்டுகள் கழித்து எழுதும்போது, கதையின் முடிவு அவருக்குத் தெரியும். எது முக்கியம், எது சிறிது என்பதை அம்முடிவே வகுத்துக் கொடுத்துவிடும். நாட்குறிப்பு எழுதும் பிள்ளைக்கோ நாளை என்னாகும் என்று தெரியாது. பிராக் நகரச் சிறுவன் பெட்டர் கின்ஸ், 1941 செப்டம்பரில் யூதர் யாவரும் மஞ்சள் நட்சத்திரம் அணிய வேண்டுமென்ற ஆணை நடைமுறைக்கு வந்தபோது, பள்ளிக்குப் போகும் வழியில் நட்சத்திரம் அணிந்தவர்கள் எத்தனை பேர் என்று விளையாட்டாக எண்ணிக் குறித்து வைத்தான். முடிவை அறிந்த நமக்கு அவ்வரி நெஞ்சைச் சுடுகிறது. அவனுக்கோ அது அன்றைய நாளின் ஒரு செய்தி. பின்னர் தெரெசின் முகாமில் சிறுவர்கள் கையால் எழுதி நடத்திய ‘வெதெம்’ என்னும் வார இதழுக்கு அவனே ஆசிரியனாக இருந்தான். 1944 செப்டம்பரில் ஆஷ்விட்சுக்கு அனுப்பப்பட்டு, 16 வயதில் கொல்லப்பட்டான்.

ஆகவே இவ்வேடுகளை வெறும் மரணச் சான்றிதழ்களாகப் படிப்பது பிழை. பரீட்சையைப் பற்றியும், தாயோடு பூசலிட்டதைப் பற்றியும், பிடித்த நூலைப் பற்றியும் எழுதிய பிள்ளைகளை, இறந்தவர்கள் என்று மட்டுமே பார்ப்போமானால், கொன்றவர்கள் அவர்களை வெறும் எண்ணாகப் பார்த்ததற்கும் நம் பார்வைக்கும் என்ன பெரிய வேறுபாடு?

நினைவுக்கும் அதற்குரிய பெருமை உண்டு. போஸ்னியாவின் சரயேவோ நகர அருங்காட்சியகத்தில் நூலகராக இருந்தவர் தெர்விஷ் கொர்குத் என்னும் முஸ்லிம் அறிஞர். நாஜிகளின் பிடியிலிருந்து ‘சரயேவோ ஹகாதா’ என்னும் பழம்பெரும் யூத ஏட்டுச்சுவடியைக் காத்தவர் அவர். 1942இல் மீரா பாபோ என்னும் யூத இளம்பெண்ணையும், முஸ்லிம் பெண்ணைப்போல் உடுத்தச் செய்து, தம் வீட்டில் வைத்துக் காத்தார். போர் முடிந்ததும் புதிய ஆட்சியினர் அவரையே நாஜிகளுக்குத் துணைபோனவர் எனக் குற்றம் சாட்டிச் சிறையிலிட்டனர். உண்மையறிந்த மீரா, அச்சத்தின் காரணமாக அன்று சாட்சி சொல்லவில்லை. கொர்குத் 1969இல் காலமானார். 1994இல், முதுமையில், மீரா தம் நினைவுகளைக் கடிதமாக எழுதி ஜெருசலேமில் உள்ள யாத் வஷேம் நிறுவனத்துக்கு அனுப்பினார். அதன் பயனாகக் கொர்குத் தம்பதியருக்கு அறவோர் என்னும் சிறப்பு வழங்கப்பட்டது. 1999இல் கொசோவோப் போரில் அகதியான கொர்குத்தின் மகளுக்கு அந்தச் சான்றிதழே புகலிடம் பெற்றுத் தந்தது. ஐம்பதாண்டு மௌனத்துக்குப் பின் எழுதிய ஒரு கடிதம், காத்தவரின் பிள்ளையைக் காத்தது! சாட்சியத்தை மறைத்தல் எத்துணைப் பெரிய சுமை என்பதையும், காலந்தாழ்ந்தாயினும் அதை இறக்கி வைத்தல் எத்துணைப் பெரிய அறம் என்பதையும் இதனினும் தெளிவாகக் காட்டும் செய்தி நாம் அறிந்தவரை வேறில்லை.

இனி, நம்மிடையே சிலர் எழுப்பக்கூடிய கேள்வி ஒன்று உண்டு. அதனை மழுப்பாமல் எதிர்கொள்வதே முறை. ‘ஐரோப்பாவின் யூதக் குழந்தைகளுக்காக நாம் ஏன் கண்ணீர் சிந்த வேண்டும்? பாலஸ்தீனக் குழந்தைகளுக்காகவும், 1995இல் ஸ்ரெப்ரெனிகாவில் கொல்லப்பட்ட எண்ணாயிரத்துக்கும் மேற்பட்ட முஸ்லிம் ஆடவர்களுக்காகவும் சிறுவர்களுக்காகவும் உலகம் எவ்வளவு கண்ணீர் சிந்தியது?’ என்று அவர்கள் கேட்பர். அக்கேள்விக்குள் இருக்கும் வேதனையை நாம் உணர்கிறோம். ஆனால் கண்ணீர் என்பது கெட்டோவின் ரொட்டியன்று, ஒருவருக்குக் கொடுத்தால் மற்றொருவர் பங்கு குறைந்துபோவதற்கு. மாறாக, ஒரு குழந்தையின் துயரத்தைக் கூர்ந்து படித்த கண்ணே மற்றொரு குழந்தையின் துயரத்தையும் அடையாளம் கண்டுகொள்ளும். 1991 முதல் 1993 வரை சரயேவோவில் நாட்குறிப்பு எழுதிய ஸ்லாதா பிலிபோவிச் என்னும் சிறுமி, ஆன் பிராங்கின் ஏட்டைப் படித்தவள். அவளைப் போலவே தன் ஏட்டுக்கும் ஒரு பெயரிட்டு அழைத்தவள்.

பிரசல்ஸ் நகரில் ஒளிந்து வாழ்ந்த மோஷே பிளிங்கர் என்னும் இளைஞன், 1942 முதல் ஹீப்ரு மொழியில் நாட்குறிப்பு எழுதினான். ஆழ்ந்த இறைப்பற்றுடைய அவனை அலைக்கழித்த கேள்வி, இறைவன் இதனை ஏன் அனுமதிக்கிறான் என்பதே. அத்தலைமறைவு வாழ்விலும் அவன் அரபு மொழி கற்றான். வருங்காலத்தில் தன் மக்களின் அரசியல் தூதனாக விளங்க வேண்டும் என்பது அவன் கனவு; அண்டை மக்களின் மொழி தெரியாமல் அது கூடாது என்று அவன் கருதினான். 1944இல் கைது செய்யப்பட்டு ஆஷ்விட்சுக்கு அனுப்பப்பட்ட அவன் திரும்பவில்லை. அவ்வேட்டை இன்று படிக்கும் நமக்கு, எழுதப்படாமற்போன உரையாடல் ஒன்றின் வெற்றுத் தாள் கண்முன் விரிகிறது. எந்த அரசின் செயலுக்கும் கேடயமாகப் பயன்பட இப்பிள்ளைகள் இசைவு தந்ததில்லை. எந்த அரசின்மேலும் உள்ள சினத்தால் இவர்கள் மாண்டதையே மறுப்பதற்கும் நமக்கு உரிமையில்லை. இரண்டும் அமானிதத்துக்குச் செய்யும் துரோகமே.

மறுப்போர் இருக்கத்தான் செய்தனர். ஆன் பிராங்கின் ஏடு போலி என்று பல்லாண்டுகள் பிரசாரம் செய்தனர். டச்சு நாட்டின் போர் ஆவண நிறுவனம், தாள், மை, கையெழுத்து அனைத்தையும் தடய அறிவியல் ஆய்வுக்கு உட்படுத்தி, ஏடு உண்மையானதே என்று நிறுவி, 1986இல் விரிவான ஆய்வுப் பதிப்பை வெளியிட்டது. 1947இல் வந்த முதற்பதிப்பில், தாயைப் பற்றிய கடுஞ்சொற்கள் முதலிய சில பகுதிகளைத் தந்தை நீக்கியிருந்தார் என்பதும் அதனால் தெளிவாயிற்று. இறந்த மனைவியின் பெயரைக் காக்க விரும்பிய தந்தையின் மனத்தை நாம் பழிக்க மாட்டோம். ஆயினும், நல்லெண்ணத்தோடு செய்த நீக்கமும் பகைவரின் வாய்க்கு அவலாகிவிடும் என்பதற்கு அது பாடம். ஒரு செய்தி யாரிடமிருந்து யாருக்கு வந்தது, இடையில் யார் கையில் இருந்தது என்று அறிவிப்பாளர் வரிசையை ஆராய்ந்த பிறகே ஏற்கும் மரபு நம்முடையது. அம்மரபினருக்கு இந்த ஆய்வின் அருமையை எடுத்துரைக்கத் தேவையில்லை. சான்றை ஆராய்வது ஐயத்தின் வேலையன்று. சான்று சொன்னவருக்குச் செய்யும் மரியாதை.

இறுதியாக ஒன்று. ஆன் பிராங்கின் முகம் உலகறிந்த முகமாகிவிட்டது. அதனால் நேரும் ஓர் ஆபத்தும் உண்டு: அவளை அறிந்ததனாலேயே அனைத்தையும் அறிந்துவிட்டதாக நாம் நிறைவடைந்து விடுகிறோம். அவளுக்கு ஒளிவிடம் இருந்தது; உணவு கொண்டுவரும் நண்பர்கள் இருந்தார்கள்; எழுத மேசை இருந்தது. வில்னா நகரக் கெட்டோவில், வரலாற்றுக் குழுவில் சேர்ந்து மக்களின் அனுபவங்களைக் கேட்டு எழுதிய இட்ஸ்ஹோக் ருடஷெவ்ஸ்கி, 1943இல் பொனாரிக் காட்டில் பதினாறு வயதுகூட நிரம்பாமல் கொல்லப்பட்டான். அவனை எத்தனை பேர் அறிவர்? இவர்கள் எல்லாரும்கூட எழுத்தறிந்தவர்கள். எழுதியது தப்பிப் பிழைத்தவர்கள். எழுதக் கற்குமுன்பே கொல்லப்பட்ட பிள்ளைகளுக்கு எந்த ஏடும் இல்லை. கிடைத்த ஏடுகளைப் படிக்கும்போது, கிடைக்காத ஏடுகளின் எண்ணிக்கையையும் மனத்தில் கொள்வதே நேர்மையான வாசிப்பு.

ஆகவே, படிக்கலாமா என்னும் முதல் வினாவுக்கு நம் விடை, படிக்கலாம் என்பது. ஆனால் பிறர் வீட்டுக்குள் நுழைகிறவனுக்குரிய அடக்கத்தோடு. கடமை யாது என்னும் இரண்டாம் வினாவுக்கு நம் விடையும் எளியதே. கூட்டாமல், குறைக்காமல், நம் வாதத்துக்குக் கருவியாக்காமல் அடுத்தவர் கையில் சேர்ப்பது ஒன்று. அண்டை வீட்டுப் பிள்ளையை அவன் குலத்தைக் கொண்டு எடை போடும் பேச்சு நம் வீட்டுத் திண்ணையில் எழும்போது, அதனை அங்கேயே தடுத்து நிறுத்துவது மற்றொன்று. முதற்கடமையை நிறைவேற்ற நல்ல நூலகம் வேண்டும். இரண்டாவதற்குச் சிறிது துணிவு போதும். அத்துணிவு ஐரோப்பாவின் தெருக்களில் உரிய காலத்தில் உரிய அளவில் இருந்திருந்தால், இவ்வேடுகள் அமானிதமாக நம் கைக்கு வந்திருக்க மாட்டா. எழுதிய பிள்ளைகளின் கையிலேயே இருந்திருக்கும்.